கொடிகள் பிடுங்கும் நேரம்

நடுவர் ரென் மலைமேல் இருந்த மடத்துக்கு மூச்சிரைக்க ஏறி வந்தார். அவருக்கு ஐம்பத்து நான்கு வயது. வாசலில் கால் வைக்கும்போதே கத்தினார்.

"அநியாயம்! பட்டப்பகலில், இருநூறு பேர் முன்னால்!"

அவருடைய குரு ஜிங்யா முற்றத்தில் உட்கார்ந்து முள்ளங்கி நறுக்கிக்கொண்டிருந்தார். ஜிங்யா ஒரு பிக்குணி. ரென்னைவிடப் பன்னிரண்டு வயது இளையவர். அவர் தலை நிமிரவில்லை.

"உட்காரும்."

"உட்கார முடியாது, தாயே. உடம்பெல்லாம் எரிகிறது."

"அப்படியானால் நின்றுகொண்டே சொல்லும். ஆனால் வெயிலை மறைக்காதீர். முள்ளங்கி காய வேண்டும்."

சமையலறையிலிருந்து சூன் எட்டிப் பார்த்தாள். மடத்தில் சமையல் அவள் பொறுப்பு. வாயும் அவளுக்குக் கொஞ்சம் அதிகம்.

"நடுவர் ஐயாவா? போன முறை இப்படிக் கத்திக்கொண்டு வந்தபோது யாரோ இவருடைய குடையை எடுத்துப்போயிருந்தார்கள். இன்றைக்கு என்ன, செருப்பா?"

ரென் அவளை முறைத்தார். சூன் சிரித்துக்கொண்டே வந்து உட்கார்ந்து, தானும் ஒரு கத்தியை எடுத்துக்கொண்டாள்.

மலையடிவாரத்தில் ஒரு திடல் இருந்தது. அங்கே சுய்வான் ஆடுவார்கள். கோலால் மரப்பந்தை அடித்து, தூரத்தில் தோண்டிய குழியில் விழவைக்கும் ஆட்டம். பத்துக் குழிகள். ஒவ்வொரு குழியின் அருகிலும் ஒரு வண்ணக் கொடி. பந்து எங்கே போய் நிற்கிறதோ அங்கிருந்துதான் அடுத்த அடியை அடிக்க வேண்டும். பந்துக்கு முன்னால் இருக்கும் மண்ணையோ புல்லையோ யாரும் தொடக் கூடாது. தொட்டால் அந்தக் குழி போயிற்று. தொட்டார்களா இல்லையா என்று சொல்வது நடுவரின் வேலை. யாருக்கு எந்தக் குழி என்று குறிக்கும் சீட்டும் அவர் கையில்தான் இருக்கும்.

நடுவர் சொன்னதை நடுவரே மாற்றிச் சொல்லலாம். வேறு யாரும் மாற்ற முடியாது. அதற்கும் ஒரு எல்லை உண்டு. ஆட்டம் முடிந்து எல்லோரும் தேநீர் குடித்த பிறகு, வேலையாட்கள் கொடிகளை ஒவ்வொன்றாகப் பிடுங்குவார்கள். குழியில் மண்ணை நிரப்பி, மேலே புல்லைப் பதித்துவிட்டு அடுத்த கொடிக்குப் போவார்கள். கடைசிக் கொடி பிடுங்கப்படும்வரை நடுவரின் சொல் ஈரமாக இருக்கிறது என்பார்கள் அந்த ஊரில். பிறகு அது காய்ந்துவிடும். காய்ந்த சொல்லை ஆட்சியராலும் அசைக்க முடியாது.

மடத்து முற்றத்திலிருந்து பார்த்தால் திடல் முழுவதும் தெரியும். அப்போது அங்கே எட்டுக் கொடிகள் நின்றன.

"சொல்லும்" என்றார் ஜிங்யா.

ரென் சொன்னார்.

அன்றைக்கு ஆட்சியரும் காவ் என்ற பழைய போர்வீரரும் ஆடினார்கள். காவின் மகனுடைய பெயர் நதிக்கரை வேலைப் பட்டியலில் இருந்தது. வெள்ளத்துக்கு முன் கரையை உயர்த்த வீட்டுக்கு ஒருவரைப் பிடித்துப் போகிறார்கள். நாளை விடியற்காலையில் ஆட்கள் கிளம்புகிறார்கள். அந்தப் பையனுக்குக் காது கேட்காது. கரை சரியும்போது ஓடு என்று யார் கத்தினாலும் அவனுக்குத் தெரியாது. போன வருடம் கரை சரிந்து பதினேழு பேர் புதைந்தார்கள். அவர்கள் எல்லோருக்கும் காது நன்றாகக் கேட்டது.

காவ் ஆட்டத்தில் ஜெயித்தால் மகனின் பெயரை அடித்துவிடுவதாக ஆட்சியர் சொல்லியிருந்தார். தோற்றால் மகனோடு காவும் போக வேண்டும்.

"ஒன்பது குழி முடிந்தபோது இருவரும் சமம்" என்றார் ரென். "பத்தாவது குழி. காவின் பந்து குழிக்கு நாலடி தள்ளி நிற்கிறது. இன்னும் ஒரு அடி அடித்தால் விழுந்துவிடும். ஆட்சியரின் பந்து எங்கே கிடக்கிறது தெரியுமா, தாயே? ஒரு மண்மேட்டுக்குப் பின்னால். முன்னால் முழங்கால் உயரத்துக்குக் கோரைப்புல். அங்கிருந்து புத்தரே அடித்தாலும் போகாது."

"புத்தரை விடும். பிறகு?"

"ஆட்சியர் வேறு கோல் கேட்டார். பணியாள் கொண்டுவந்தான். கொடுத்துவிட்டுப் போக வேண்டியதுதானே? அவன் ஆட்சியருக்கு நேர் எதிரே வந்து நின்றான். மண்டியிட்டான். இரண்டு கைகளையும் தரையில் ஊன்றி, நெற்றி மண்ணில் பட வணங்கினான். ஒருமுறை. எழுந்தான். மறுபடியும். எழுந்தான். மறுபடியும். எங்கே வணங்கினான் தெரியுமா? பந்துக்கு முன்னால்! அவன் எழுந்து போனபோது மேடும் இல்லை, கோரையும் இல்லை. தெரு மாதிரி இருந்தது. ஆட்சியர் அடித்தார். பந்து நேராகப் போய்க் குழியில் விழுந்தது. முதலில் விழவைத்தவருக்குத்தான் குழி."

சூன் வாயைப் பொத்திக்கொண்டாள். பிறகு முடியாமல் சிரித்துவிட்டாள்.

"வணங்கியே தரையைச் சமப்படுத்திவிட்டானா? எங்கள் கொல்லையில் ஒரு மேடு இருக்கிறது ஐயா, அவனைக் கொஞ்சம் அனுப்பக் கூடாதா?"

"சிரிக்கிற விஷயமா இது?" என்றார் ரென். "மரியாதையை மண்வெட்டியாக்கிவிட்டார்கள்! யார் தடுக்க முடியும்? ஆட்சியரை வணங்காதே என்று யார் சொல்ல முடியும்?"

"நடுவர் என்ன சொன்னார்?" என்று கேட்டார் ஜிங்யா.

ரென் இடுப்பில் செருகியிருந்த நடுவர் சீட்டைத் தொட்டுப் பார்த்தார்.

"தாயே, நடுவர் நான்தான்."

"தெரியும். என்ன சொன்னீர்?"

"சரி என்று சொன்னேன்."

ஜிங்யா ஒரு முள்ளங்கியை எடுத்து, வேர்ப்பக்கத்தைக் கிள்ளிப் போட்டார்.

"நன்றாகச் சொன்னீர். கண்ணுக்கு முன்னால் நடந்தது போல் இருந்தது. இன்னொரு முறை சொல்லும்."

"எதற்கு?"

"சூன் சிரித்ததில் பாதி காதில் விழவில்லை."

ரென் மறுபடியும் சொன்னார். இந்த முறை அவர் மண்டியிட்டுக் காட்டினார். பணியாளின் முகத்தில் இருந்த பக்தியைக் காட்டினார். ஆட்சியர் வானத்தைப் பார்த்துக்கொண்டு நின்றதைக் காட்டினார். கைதட்டிய கூட்டத்தைப் பற்றிச் சொல்லும்போது அவர் கண் கலங்கியது. வேடிக்கை பார்த்த வியாபாரிகளைத் திட்டினார். பள்ளி ஆசிரியரைத் திட்டினார். நாட்டில் முதுகெலும்புள்ள ஒருவர்கூட இல்லையா என்று கேட்டார். அது இரண்டாவது முறை என்பதால் சொற்கள் இன்னும் சரியான இடத்தில் வந்து விழுந்தன.

கீழே ஆறு கொடிகள் நின்றன.

"கடைசியில் அந்தக் காவ் என்ன செய்தான் தெரியுமா? என்னை வணங்கிவிட்டுப் போனான்! தன்னை ஏமாற்றியவர்களைப் பார்த்து வணங்கினான். அவன் மீதும் எனக்குக் கோபம்தான்."

"உமக்கு யார் மீதெல்லாம் கோபம்?"

"எல்லோர் மீதும்."

"பரவாயில்லை. ஒருவரும் விட்டுப்போகவில்லையே" என்றாள் சூன்.

ரென் அங்கியின் கைப்பகுதிக்குள்ளிருந்து மடித்த தாள் ஒன்றை எடுத்தார்.

"நான் சும்மா இருக்கவில்லை, தாயே. வரும் வழியில் எழுதினேன்."

"என்ன அது?"

"கவிதை."

ஜிங்யாவின் கத்தி நின்றது. முதல்முறையாக அவர் தலை நிமிர்ந்து பார்த்தார்.

"எங்கே உட்கார்ந்து எழுதினீர்?"

"பாதி வழியில் ஒரு தட்டைப் பாறை இருக்கிறதே, அங்கே."

"எவ்வளவு நேரம்?"

"சொல் அமைய வேண்டாமா? முதலில் வந்த வரிகள் வெறும் வசையாக இருந்தன. இரண்டு தாளைக் கிழித்துப் போட்டேன்."

"படியும்."

ரென் தொண்டையைச் செருமிக்கொண்டு படித்தார்.

"நெற்றி தொட்டதும் நிலம் பணிந்தது.
பணியாத புல் வேரோடு சாய்ந்தது.
நேராக ஓடிற்று ஒரு பந்து;
நேராக நின்றவன் மண் சுமக்கப் போகிறான்."

சூன் புறங்கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"நன்றாகத்தான் இருக்கிறது" என்றாள், மனமில்லாமல் ஒப்புக்கொள்கிறவளைப் போல.

"இதை மாகாணக் கண்காணிப்பாளருக்கு அனுப்பலாம் என்றிருக்கிறேன்" என்றார் ரென். "மடத்தின் முத்திரையோடு போனால் மதிப்பு இருக்கும். பெயர் போடாமல்தான். தாயே, நீங்கள் ஒரு வார்த்தை எழுதிக் கொடுத்தால்…"

"போய்ச் சேர எத்தனை நாள்?"

"பன்னிரண்டு நாள்."

"ஆட்கள் எப்போது கிளம்புகிறார்கள்?"

கீழே நான்கு கொடிகள் நின்றன. சிவப்பு, நீலம், மஞ்சள், ஓரத்தில் ஒரு வெள்ளை. மூன்று பேரும் அவற்றைப் பார்த்தார்கள். பார்க்காதது போல ரென் மட்டும் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

"இங்கிருந்து இறங்க எவ்வளவு நேரமாகும்?" என்று கேட்டார் ஜிங்யா.

"நீங்கள் என்ன சொல்ல வருகிறீர்கள் என்று எனக்குத் தெரியும்."

"நான் ஒன்றும் சொல்லவில்லை. பாதையைப் பற்றிக் கேட்டேன்."

"உங்களுக்கு எளிது, தாயே!" ரென்னின் கோபம் புதிய திசை ஒன்றைக் கண்டுபிடித்துக்கொண்டது. "மலைமேல் உட்கார்ந்து முள்ளங்கி நறுக்கலாம். என் நிலைமை என்ன? ஏழு முறை தேர்வில் தோற்றேன். தெருவில் கிடந்தேன். இந்த ஆட்சியர்தான் என்னைக் கூப்பிட்டு வேலை கொடுத்தார். குளிர்காலத்தில் கரி அனுப்புகிறார். அவர் முகத்துக்கு நேரே போய், உங்கள் ஆள் வணங்கியது திருட்டு என்று சொல்லட்டுமா? முப்பது பிரம்படி. அதற்குப் பிறகு வேலை இல்லை, வீடு இல்லை. நீங்கள் ஏன் போகக் கூடாது? உங்கள் சொல்லுக்கு ஊரில் மரியாதை இருக்கிறதே!"

"நான் பார்க்கவில்லை. பார்த்தவர் நீர்."

"இருநூறு பேர் பார்த்தார்கள்!"

"கோலைப் பிடித்தவன் ஆடுகிறான். சீட்டைப் பிடித்தவன் சொல்கிறான். மற்றவர்கள் பார்க்க மட்டும் வந்தவர்கள். அவர்களை ஏன் திட்டுகிறீர்?"

அப்போது வாசலில் செருப்புச் சத்தம் கேட்டது. ஒரு மனிதர் உள்ளே வந்தார். அகன்ற தோள்கள். இடது காதுக்குக் கீழே பழைய வெட்டுத் தழும்பு. கையில் மூன்று ஊதுபத்திகள்.

ரென் ஒரு அடி பின்வாங்கினார். வந்தவர் காவ்.

காவும் அவரைப் பார்த்தார். குனிந்து வணங்கினார்.

"நடுவர் ஐயா, நீங்களும் இங்கேயா? நல்லதாயிற்று. திடலில் கூட்டத்தில் சரியாக விடைபெறக்கூட முடியவில்லை."

பிறகு ஜிங்யாவின் பக்கம் திரும்பினார்.

"தாயே, நாளைக்கு நானும் என் மகனும் கரை வேலைக்குப் போகிறோம். ஊதுபத்தி ஏற்றிவிட்டுப் போகலாம் என்று வந்தேன்."

"ஏற்றும். நாளைக் காலை இந்த மலையைச் சுற்றித்தானே போவீர்கள்? அடிவாரத்தில் எல்லோருக்கும் கஞ்சி ஊற்றுவோம். குடித்துவிட்டுப் போங்கள்."

"இரண்டு கிண்ணம், தாயே. பையன் கொஞ்சம் அதிகமாகக் குடிப்பான்." காவ் சிரிக்க முயன்றார். "முதலில் அவனுக்குப் பதிலாக நான் போகிறேன் என்றுதான் கேட்டேன். எழுத்தர் சரி என்றார். பட்டியலுக்கு வேண்டியது தலைதான், யாருடைய தலை என்று அவர்கள் பார்ப்பதில்லை. ஒருவர் வந்தால் ஒருவர் வீட்டுக்குப் போகலாம். அதோடு விட்டிருக்கலாம். ஆட்சியர் ஆடிப் பார்க்கிறாயா என்று கேட்டார். ஜெயித்தால் இருவருமே வீட்டில் இருக்கலாமே என்று ஆசைப்பட்டேன். என் கைக்கு வயதாகிவிட்டது என்று எனக்குத் தெரியவில்லை."

"உம் கைக்கு ஒன்றும் ஆகவில்லை!" என்றார் ரென்.

அவரால் அடக்க முடியவில்லை. ஜிங்யா கையை உயர்த்துவதற்குள் சொல்லிவிட்டார்.

"உம்மை ஏமாற்றிவிட்டார்கள், காவ்! அந்தப் பணியாள் வணங்குவது போல் வணங்கித் தரையைச் சமப்படுத்திவிட்டான். அந்தக் குழி உம்முடையது. ஆட்டமும் உம்முடையது!"

காவ் ஊதுபத்திகளைத் தாழ்த்திப் பிடித்தார்.

"நான் தள்ளிக் குழியருகே நின்றேன். எனக்கு அவன் முதுகுதான் தெரிந்தது, தரை தெரியவில்லை. நீர் பார்த்தீரா?"

மரியாதை 'நீங்கள்' என்பதிலிருந்து 'நீர்' என்று இறங்கிவிட்டதை ரென் கவனித்தார்.

"பார்த்தேன்."

"உம் கண்ணாலா?"

"மூன்று முறையும்."

"பிறகுதான் சரி என்று சொன்னீரா?"

ரென் தலையைக் குனிந்துகொண்டார்.

"இதை ஏன் என்னிடம் சொல்கிறீர்?" என்றார் காவ். அவர் கத்தவில்லை. ஆனால் சூனின் கை தானாக நின்றுவிட்டது.

"உமக்குத் தெரிய வேண்டாமா? உண்மை…"

"கை தளர்ந்துவிட்டது என்று நினைத்துக்கொண்டு இந்த மலையை ஏறினேன். அந்த நினைப்போடு என்னால் மண் சுமக்க முடியும். மகன் முகத்தைப் பார்க்க முடியும். இப்போது எதை வைத்துக்கொண்டு பார்ப்பேன்? நான் போய்ச் சொன்னால் தோற்றவன் புலம்புகிறான் என்பார்கள். சொன்னால் நடக்கும் இடத்தில் வாயை மூடிக்கொண்டீர். சொன்னால் ஒன்றும் நடக்காத இடத்தில் வந்து திறக்கிறீர். நான் பதினெட்டு வருடம் போரில் இருந்தேன், ஐயா. என்னை வெட்டியவன் எவனும் வெட்டிவிட்டு வந்து என் தோளில் அழுததில்லை."

அவர் ஊதுபத்திகளை ஏற்றினார். இரண்டு முறை அணைந்தது. சூன் எழுந்து போய் ஏற்றிக் கொடுத்தாள். அவர் வணங்கினார். ரென்னைப் பார்க்காமல் வெளியே போனார்.

கீழே வேலையாட்கள் மஞ்சள் கொடியைப் பிடுங்கிக்கொண்டிருந்தார்கள். இனி வெள்ளை மட்டும்தான். அது பத்தாவது குழியின் கொடி. எல்லாவற்றிலும் தள்ளி இருந்தது.

"நான் போகிறேன்" என்றார் ரென்.

ஜிங்யா அடுத்த முள்ளங்கியை எடுத்தார்.

ரென் அங்கியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு வாசலைத் தாண்டி ஓடினார். படிகளில் செருப்பு தட்டும் ஓசை வேகமாகக் கேட்டது. பிறகு மெதுவாகக் கேட்டது. முப்பது படி இறங்கியதும் ஒரு திருப்பம். அங்கிருந்து திடலின் மண்டபம் தெரியும். ஆட்சியர் அங்கே சாய்ந்து உட்கார்ந்து எதற்கோ சிரித்துக்கொண்டிருந்தார். அவருக்குப் பின்னால் இரண்டு காவலர்கள் பிரம்போடு நின்றார்கள்.

செருப்புச் சத்தம் நின்றது.

சூன் எழுந்து சுவரோரம் போய் எட்டிப் பார்த்தாள். திரும்பி வந்து உட்கார்ந்தாள். "நிற்கிறார்" என்றாள். அவள் குரலில் கேலி இல்லை.

வேலையாள் ஒருவன் வெள்ளைக் கொடியின் கம்பைப் பிடித்து இரண்டு பக்கமும் ஆட்டினான். அது எளிதில் வந்துவிட்டது. இன்னொருவன் மண்ணைத் தள்ளினான். மூன்றாமவன் புல்லை வைத்துக் காலால் அழுத்தினான். அங்கே ஒரு குழி இருந்தது என்று இனி யாராலும் சொல்ல முடியாது.

வெகுநேரம் கழித்து ரென் உள்ளே வந்தார். வியர்வை காய்ந்திருந்தது.

"முடிந்துவிட்டது, தாயே" என்றார்.

அதைச் சொன்னது துக்கமா, நிம்மதியா? அது அவருக்கே தெரியவில்லை. தெரியாதது அவரைச் சுட்டது. சுட்டதும் மறுபடியும் கோபம் வந்தது. அவர் மார்பில் அடித்துக்கொண்டார்.

"நான் ஒரு கோழை. ஒத்துக்கொள்கிறேன். இனி நடுவர் சீட்டைத் தொட மாட்டேன். அந்தக் கரியைத் தொட மாட்டேன். இந்தக் குளிர்காலம் நடுங்கியே சாகிறேன்!"

"நீர் நடுங்கினால் அந்தப் பையனுக்குக் காது கேட்குமா?"

"வேறு என்னதான் செய்ய? கொடி போய்விட்டது. சொல் காய்ந்துவிட்டது. ஒரு வழி, ஒரே ஒரு வழி இருந்தால் சொல்லுங்கள், தாயே. முன்போல் பின்வாங்க மாட்டேன். அந்தப் பையன் வீட்டில் இருப்பதற்காக என்ன வேண்டுமானாலும் செய்வேன்!"

முள்ளங்கி தீர்ந்திருந்தது. ஜிங்யா கத்தியைத் துடைத்து வைத்தார். எழுந்து சமையலறை வாசல்வரை போனார். அங்கே நின்று, திரும்பிப் பார்த்துக் கேட்டார்.

"நாளைக் காலை கரைக்குப் போகிறவர்களுக்கு ஊற்றும் கஞ்சியில் உமக்கும் ஒரு கிண்ணம் வைக்கச் சொல்லட்டுமா?"